அந்த ரேடியோ எங்களுடையதல்ல

எங்கள் வீட்டில் அதைக் 'கார்டு' என்று மட்டும்தான் சொல்வோம். என்ன கார்டு, யார் கொடுத்தது என்றெல்லாம் வாய்விட்டுச் சொல்ல மாட்டோம். "கார்டை எடுத்துக்கிட்டியா?" என்று அம்மா கேட்பாள். நான் சுற்றும்முற்றும் பார்த்துவிட்டுத் தலையை மட்டும் ஆட்டுவேன். யாருக்குத் தெரியக்கூடாது என்று அப்படிப் பயந்தேனோ! எங்கள் தேயிலைத் தோட்டத்து லயத்தில், அந்த வரிசை வீடுகளில், வீட்டுக்கும் வீட்டுக்கும் நடுவே இருந்த பலகைச் சுவர் கூரை வரை எட்டாது. இந்தக் கோடியில் தும்மினால் அந்தக் கோடியில் கேட்கும். பன்னிரண்டு வீட்டுக்கும் தெரிந்த விஷயத்தை நான் ஒருத்தி மட்டும் ரகசியம் என்று பொத்திப் பொத்தி வைத்துக்கொண்டிருந்தேன். எனக்கு அப்போது வயது பதினான்கு. எழுபதுகளின் கடைசி.

அது அரசாங்க உதவிக் கார்டு. பழுப்பு நிறத்தில், மூன்றாக மடிக்கிற கெட்டித் தாள். அம்மாவின் படத்தை ஒட்டி, பாதி படத்தின் மேலும் பாதி தாளின் மேலும் விழுகிற மாதிரி வட்ட முத்திரை குத்தியிருந்தார்கள். உள்ளே மாதத்துக்கு ஒரு கட்டம். தோட்டத்துக்குப் பக்கத்து ஊரான ரிங்லெட் டவுனில் ஒரு மளிகைக் கடையில் அதைக் காட்டினால் அரிசி, கோதுமை மாவு, சீனி, பால் டின், சார்டின் டின் கொடுப்பார்கள். தபால் நிலையத்தில் காட்டினால் கொஞ்சம் ரொக்கம். அம்மா அதைப் பிளாஸ்டிக் பையில் சுற்றி சாமி படத்துக்குப் பின்னால் செருகி வைத்திருந்தாள்.

கார்டு வந்ததற்குக் காரணம் அம்மாவின் வலது முட்டி. அப்பா மஞ்சள் காமாலையில் போய்ச் சேர்ந்து இரண்டு வருடம் ஆகியிருந்தது. அம்மா கொழுந்து எடுத்து என்னையும் தங்கச்சியையும் காப்பாற்றிக்கொண்டிருந்தாள். ஒரு மழை நாளில் நிறைந்த கூடையோடு சரிவில் சறுக்கி விழுந்தாள். முட்டி தேயிலைத் தூரில் மோதியது. தானா ராத்தா ஆஸ்பத்திரியில் மூன்று வாரம் கிடந்தாள். வெளியே அனுப்பும்போது டாக்டர் கண்டிப்பாகச் சொன்னார், இனி மலை ஏறக்கூடாது, ஏறினால் கொஞ்ச வருடத்தில் இந்த முட்டி ஒன்றுக்கும் ஆகாமல் போய்விடும் என்று. தோட்டத்துத் துரை இரக்கப்பட்டு நாற்றுப் பண்ணையில் அரை நாள் வேலை போட்டுக் கொடுத்தார். சின்னச் சின்னப் பைகளில் மண் நிரப்புகிற வேலை, உட்கார்ந்தே செய்யலாம். அதனால் லயத்து வீடு கையை விட்டுப் போகவில்லை. ஆனால் அரை நாள் சம்பளத்தில் மூன்று வயிறு நிறையுமா? அந்தக் குறைக்குத்தான் கார்டு. கார்டு இருக்கிறவரை அம்மா மலை ஏற வேண்டாம். இது ஆறு வயதுத் தங்கச்சிக்குக்கூடத் தெரிந்த விஷயம். எனக்குத் தெரியாது என்று நான் சொல்ல முடியாது.

அது சும்மா கிடைத்துவிடவும் இல்லை. லயத்தில் பாதிப் பேருக்குச் சிவப்பு அடையாள அட்டை, சிவப்பு ஐ.சி. இந்த மண்ணிலேயே முதுகு வளைந்து போனவர்கள்தான், ஆனாலும் குடியுரிமை இல்லை, கார்டும் இல்லை. அம்மாவுக்கு நீல ஐ.சி. இருந்ததால் விண்ணப்பம் எழுதவாவது முடிந்தது. தண்ணீர்ப் பைப்படியில் பெண்கள் அம்மாவைச் சீண்டுவார்கள்.

"ஒனக்கென்னக்கா, கவர்மெண்டே சோறு போடுது. மகராணி லா நீ!"

அம்மா சிரித்துக்கொண்டே, "ஒனக்கும் வேணுமா? வா, ஒரு கால ஒடச்சு விடுறேன்" என்பாள். அவர்களும் சிரிப்பார்கள். எனக்கு மட்டும் உடம்பெல்லாம் கூசும். வாளியை அப்படியே போட்டுவிட்டு வீட்டுக்குள் ஓடிவிடுவேன்.

அம்மாவின் கட்டைவிரல் இருக்கிறதே, அது வேறு கூச்சம். அம்மாவுக்குக் கையெழுத்துப் போடத் தெரியாது. கடையில் சாமான் வாங்கினால் ஊதா மையில் இடது கட்டைவிரலைத் தோய்த்துப் பதிக்க வேண்டும். கொழுந்து எடுத்த காலத்தில் அவள் விரல்கள் கறையேறிக் கறுத்துக் கிடந்தன. அப்போது மை பட்டிருந்தால் யாருக்கும் தெரிந்திருக்காது. மலை ஏறுவதை நிறுத்திய பிறகு கை வெளுத்துவிட்டது. ஊதா பளிச்சென்று தெரிந்தது. வீட்டுக்கு வந்ததும் தேங்காய் நாரில் சாம்பலைத் தொட்டு அவள் விரலைப் பிடித்துத் தேய்ப்பேன்.

"வலிக்குதுடி. தானா போயிரும் விடு."

"போகாது. காட்டும்மா."

நகக்கண் சிவக்கிறவரை தேய்த்திருக்கிறேன். அவள் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பாள்.

ரிங்லெட் கடைக்காரர் ஒரு முஸ்லிம் பெரியவர், தமிழர். நல்ல மனிதர். "வாங்க தங்கச்சி, காலு எப்படி இருக்கு?" என்று அம்மாவிடம் கேட்டுவிட்டுத்தான் கார்டை வாங்குவார். ஆனால் கார்டுக்கு எழுத்து வேலை அதிகம். அதனால் காசு கொடுத்து வாங்குகிறவர்களை அனுப்பிவிட்டு எங்களைக் கவனிப்பார். அதுவரை மிளகாய் மூட்டைப் பக்கம் நிற்க வேண்டும். மாதச் சம்பளம் போட்ட சனிக்கிழமையில் தோட்டமே அங்கேதான் இருக்கும். மத்தியான மழையில் கூட்டம் இருக்காது, அப்போது போகலாம் என்று அம்மாவை நச்சரிப்பேன். காலை இழுத்து இழுத்து நடக்கிறவளை வேண்டுமென்றே மழையில் கூட்டிக்கொண்டு போன மகள் நான்.

அப்படி ஒரு மழை நாளில், அம்மா விரலை மையில் வைத்த நேரம் பார்த்து, எங்கள் தோட்டத்துக் கிராணியின் மகள் கடைக்குள் நுழைந்தாள். ஆபீஸ் கணக்கெல்லாம் பார்க்கிற கிராணியின் வீட்டுப் பெண் என்றால் சும்மாவா! என் வகுப்பில்தான் படித்தாள். பள்ளிக்கூடத்துக்கு எங்களை ஏற்றிச் செல்கிற தோட்டத்து லோரியில் நாங்கள் பின்னால் நின்றுகொண்டு போவோம், அவள் முன்னால் டிரைவர் பக்கத்தில் உட்கார்ந்து வருவாள். அவளைக் கண்டதும் என் கால் தானாக நகர்ந்தது. கடையின் மறுபக்கம் போய், கொக்கியில் தொங்கிய ரிப்பன்களைப் பார்த்துக்கொண்டு நின்றேன், தனியாக வந்த பெண் மாதிரி. அவள் என்னிடம் வந்து ஏதோ பாடத்தைப் பற்றிக் கேட்டாள். நான் சிரித்துச் சிரித்துப் பதில் சொன்னேன். அம்மா என் முதுகுக்குப் பின்னால் அரிசிப் பையைத் தூக்கினாள். என்னைக் கூப்பிடவில்லை. ஒரு கையில் பை, ஒரு கை கதவுச் சட்டத்தில், மெல்லப் படி இறங்கிப் போனாள்.

பத்து நிமிடம் கழித்து பஸ் நிறுத்தத்துக்கு ஓடினேன். "ரிப்பன் நல்லா இருந்துச்சா?" என்று கேட்டாள். கோபமாகக் கேட்கவில்லை. அடித்திருந்தால்கூட நன்றாக இருந்திருக்கும்.

அடுத்த வருடம் கார்டைப் புதுப்பிக்கிற காலம் வந்தது. புதுப்பிக்கும் முன்னால் நலத்துறை ஆபீசர் வீட்டுக்கு வந்து பார்ப்பார், வியாழக்கிழமை இரண்டு மணிக்கு வருகிறார் என்று கிராணி அம்மாவிடம் சொல்லி அனுப்பினார். அம்மா சாதாரணமாகக் கேட்டுக்கொண்டாள். "கூட்டித் தொடச்சு வச்சா போதும். வீடு எப்படி இருக்கோ அப்படியே பாத்துட்டுப் போகட்டும்" என்றாள்.

மறுநாள் லோரியிலிருந்து இறங்கும்போது கிராணி மகள் என் காதருகே வந்தாள். "வியாழக்கெழம ஒங்க வீட்டுக்கு வெல்ஃபேர் ஆளு வர்றாராமே? எங்கப்பாதான் வழி காட்டப் போறாரு. அரிசி டின்ன எல்லாம் தொறந்து பாப்பாங்களாம், நெசமா?" என்றாள். அவள் கேலியாகக் கேட்கவில்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள். ஆனால் எனக்குக் காது அடைத்துப்போனது. எங்கள் வீட்டுக்குள் என்னென்ன இருக்கிறது என்று மனத்துக்குள் பார்த்தேன். ஒரு பலகைக் கட்டில், இரண்டு பாய், ஒரு தகரப் பெட்டி, வாய் நெளிந்த மூன்று குவளை. கிராணி வாசலில் நின்று இதைப் பார்ப்பார். ராத்திரிச் சாப்பாட்டின்போது மகளிடம் சொல்லுவார்.

லயத்தில் ஒரு வழக்கம் உண்டு. யார் வீட்டுக்காவது பெண் பார்க்க வந்தால், அந்த வீடு மட்டும் தயாராகாது, லயமே தயாராகும். ஒரு வீட்டு நாற்காலி, ஒரு வீட்டுக் கோப்பை, ஒரு வீட்டு மேசைவிரிப்பு, ஒரு வீட்டுச் சுவர்க் கடிகாரம் எல்லாம் அந்த வீட்டுக்கு வந்துவிடும். வந்தவர்கள் போனதும் அவரவர் பொருள் அவரவர் வீட்டுக்குத் திரும்பிவிடும். யாரும் இதைப் பொய் என்று நினைத்ததில்லை. விருந்தாளிக்குச் செய்கிற மரியாதை, லயத்தின் மானம், அவ்வளவுதான். நான் பிறந்ததிலிருந்து பார்த்து வளர்ந்தது அது. வீட்டுக்கு வெளியாள் வந்தால் இப்படித்தான் செய்ய வேண்டும் என்று என் புத்தியில் ஊறியிருந்தது. உதவி தேவையா என்று பார்க்க வருகிறவருக்கு அதைச் செய்யக்கூடாது என்று ஏன் தோன்றவில்லை? தோன்றியது. தோன்றியதைத் தள்ளிவிட்டேன்.

வியாழக்கிழமை வயிற்றுவலி என்று சொல்லிப் பள்ளிக்குப் போகவில்லை. அம்மா நாற்றுப் பண்ணைக்குப் போனதும் பக்கத்து வீட்டு அக்காவிடம் போனேன். லோரி டிரைவரின் மனைவி அவர். அந்த லயத்திலேயே நல்ல ரேடியோ அவர்கள் வீட்டில்தான் இருந்தது. பாட்டரி போட்டுப் பாடுகிற பெரிய ரேடியோ, முன்பக்கம் வெள்ளிக் கம்பிவலை.

"ரேடியோவா? எதுக்குடி? பொண்ணு பாக்க வர்றாங்களா ஒன்ன?" அக்கா கன்னத்தில் கை வைத்துச் சிரித்தார். "மாப்பிள்ள என்ன வேல? துரை மகனா?"

"இல்லக்கா, ஸ்கூல் டீச்சர் வர்றாங்க."

"டீச்சரா? அப்ப கோப்பையும் எடுத்துக்க. பூப்போட்டது, ஒடச்சிறாத."

ரேடியோ, பூப்போட்ட கோப்பைகள், மடக்கு மேசை, இரண்டு நாற்காலி, ஒரு விரிப்பு. தங்கச்சியும் நானுமாகத் தூக்கி வந்து அடுக்கினோம். மேசைமேல் விரிப்பு, விரிப்பின்மேல் ரேடியோ. எட்டி நின்று பார்த்தேன். யாரோ வசதியானவர்கள் வீடு மாதிரி இருந்தது. அப்போது எனக்கு வந்த சந்தோஷத்தைப் பொய் என்று சொல்ல மாட்டேன்.

அம்மா அன்றைக்குத் தாமதமாகத்தான் வந்தாள். வாசலில் நின்றபடியே உள்ளே பார்த்தாள். முகம் மாறிவிட்டது.

"என்னடி இது?"

"வர்றவங்க ஒக்கார வேணாமா?"

"ஒக்கார நாற்காலி சரி. ரேடியோவுல ஒக்காரப் போறாரா? கிறுக்கு முண்டம்! எடுத்துட்டுப் போ, இப்பவே குடுத்துட்டு வா!"

அதற்குள் கீழே ஜீப் சத்தம் கேட்டது. கிராணி ரோட்டிலேயே நின்று கையை நீட்டி எங்கள் வீட்டைக் காட்டினார். திறந்திருந்த கதவு வழியாக ஒரு பார்வை பார்த்துவிட்டு ஆபீசுக்குத் திரும்பிப் போய்விட்டார். அந்த ஒரு பார்வைக்காகத்தான் நான் அத்தனையும் தூக்கி வந்தது.

ஆபீசர் இளவயது மலாய்க்காரர். வாசலில் சப்பாத்தைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டுத்தான் உள்ளே வந்தார். அம்மாவை 'அம்மா' என்றே கூப்பிட்டார். எங்கள் வீட்டுக்குள் சப்பாத்தைக் கழற்றிவிட்டு வந்த முதல் அரசாங்க மனிதர் அவர்தான். பூப்போட்ட கோப்பையில் டீ கொடுத்தோம். அவர் மலாயில் கேட்டதை நான் அம்மாவுக்குத் தமிழில் சொன்னேன், அம்மா சொன்னதை அவருக்கு மலாயில் சொன்னேன். எந்த ஆபீசுக்குப் போனாலும் அம்மா என்னைத்தான் முன்னால் தள்ளுவாள். "நீ பேசு. நீதான் படிச்ச பொண்ணு" என்பாள். அம்மாவுக்குத் தெரிந்தது வெங்காயம் வாங்குகிற மலாய். நான் பேசியது பாடப்புத்தக மலாய்.

எத்தனை பேர், என்ன சம்பளம், கால் எப்படி இருக்கிறது, நான் என்ன படிக்கிறேன் என்றெல்லாம் கேட்டு எழுதிக்கொண்டார். படித்து என்ன ஆகப் போகிறாய் என்று கேட்டார். டீச்சர் என்றேன். பேனாவை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். "இவ்வளவு அழகாக மலாய் பேசுகிறாயே, கெட்டிக்காரப் பெண். நிச்சயம் ஆகிவிடுவாய்" என்றார். நான் அதை அம்மாவுக்குத் தமிழில் சொல்லவில்லை. வெட்கமாக இருந்தது. ஆனால் உச்சந்தலை வரை குளிர்ந்துபோயிருந்தேன்.

அப்புறம்தான் அவர் பார்வை மேசைக்குப் போனது. இந்த ரேடியோ யாருடையது என்று விரலை நீட்டிக் கேட்டார்.

நான் தமிழில் சொல்வதற்குள் அம்மா பேசினாள். "பக்கத்து வீட்டுதுன்னு சொல்லு. இந்த நாற்காலி, கோப்பை எல்லாமே எரவல்தான், நீங்க வர்றீங்கன்னு மரியாதைக்கு வாங்கி வச்சோம்னு சொல்லிடு."

சுவரில் சாய்ந்திருந்த தங்கச்சியும், "அது அக்கா வீட்டு ரேடியோ" என்றாள்.

இரண்டு பேரும் உண்மையைச் சொல்லிவிட்டார்கள், தமிழில். ஆபீசர் என் முகத்தைப் பார்த்துக்கொண்டு காத்திருந்தார். கெட்டிக்காரப் பெண் என்று சொன்ன அதே மனிதர். அவரிடம் போய், நாங்கள் ஊரெல்லாம் இரவல் வாங்கி வேஷம் போட்டிருக்கிறோம் என்று எப்படிச் சொல்வது? வாய் கூசாமல் சொன்னேன், பள்ளிக்கூட மலாயில், இலக்கணம் தவறாமல்: "இது மறைந்த எங்கள் தந்தை ஆசையாக வாங்கியது."

செத்துப்போன அப்பாவையும் விட்டுவைக்கவில்லை நான்.

அவர் தலையசைத்து எழுதிக்கொண்டார். சின்னவள் என்ன சொல்கிறாள் என்று சிரித்தபடி கேட்டார். பாட்டுப் போடச் சொல்கிறாள் என்றேன். போடேன் என்றார். எனக்கு எந்தக் குமிழைத் திருக வேண்டும் என்றுகூடத் தெரியாது. ஒன்றைத் திருகினேன், காது கிழிகிற மாதிரி இரைந்தது. இன்னொன்றைத் திருகினேன், பாட்டு வந்தது. உடனே பலகைச் சுவருக்கு மேலே அக்காவின் குரல்: "அடியே, பாட்டரி தீந்துரும்டி! டீச்சரு பாட்டுக் கேக்கவா வந்தாங்க?" ஆபீசர் என்னைப் பார்த்தார். சத்தம் அதிகமாக இருக்கிறதாம் என்றேன். குறைத்தேன். அம்மா கைகளை மடியில் வைத்துக்கொண்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அவர் போன பிறகு விழப்போகிற அடிக்காகக் காத்திருந்தேன். அம்மா எழுந்து கோப்பைகளை எடுத்துக் கழுவினாள். "கொண்டுபோய்க் குடுத்துட்டு வா. ரேடியோவ ரெண்டு கையால புடி" என்றாள். அவளுக்குப் புரியவில்லை, அவ்வளவு பெரிய மலாய் அவளுக்கு எங்கே புரியப்போகிறது என்று நினைத்துக்கொண்டேன். அப்படி நினைத்துக்கொண்டதில் எனக்கு அன்றைக்கு இரவு நன்றாகத் தூக்கம் வந்தது.

இரண்டு மாதம் கழித்துக் கடிதம் வந்தது. மலாயில் அச்சடித்த கடிதம். அம்மா என்னிடம்தான் கொடுத்தாள், வேறு யாரிடம் கொடுப்பாள்? வீட்டில் நாற்காலி, மேசை, ரேடியோ இருப்பதாகவும், குடும்பம் உதவி தேவைப்படும் நிலையில் இல்லை என்றும், கார்டைத் திருப்பி அனுப்ப வேண்டும் என்றும் எழுதியிருந்தது. அடியில் இன்னொரு வரி. இதில் தவறு இருந்தால் ஒரு மாதத்துக்குள் ஆபீசில் வந்து சொல்லலாம்.

அந்த வரியை நான் மூன்று தடவை படித்தேன். போய்ச் சொன்னால் என்ன சொல்ல வேண்டியிருக்கும்? நான்தான் பொய் சொன்னேன் என்று சொல்ல வேண்டியிருக்கும். அதே மனிதர் ஆபீஸ் மேசையில் உட்கார்ந்து என்னைப் பார்ப்பார்.

"என்னடி எழுதிருக்கு?"

"தவணை முடிஞ்சிருச்சாம்மா. இனிமே கெடையாதாம். கார்டத் திருப்பி அனுப்பணுமாம்."

"வேற ஒண்ணும் எழுதலயா?"

"இல்ல."

அம்மா கடிதத்தை வாங்கி மடித்து, கார்டு இருந்த இடத்தில் செருகினாள். "சரி" என்றாள்.

அந்த வாரமே கங்காணி வீட்டுக்குப் போனாள். கொழுந்துக்கு ஆள் பிரிக்கிறவர் அவர்தான். நானும் கூடப் போயிருந்தேன். மறுபடி கொழுந்துக்குப் பெயர் போடச் சொன்னாள். கங்காணி அவள் காலைப் பார்த்தார்.

"காலு என்னம்மா ஆகுறது?"

"காலு இருக்கு, கங்காணி. பேரப் போடுங்க."

மறுநாள் பெரட்டுக்கு, விடிகாலை ஆள் கணக்கெடுக்கிற இடத்துக்கு, முட்டியில் பழந்துணியை இறுக்கிச் சுற்றிக்கொண்டு போனாள். ஒரு வாரத்தில் விரல்களில் கறை ஏறிவிட்டது. நான் தேய்க்க ஒன்றும் மிச்சமில்லை. அப்படியே ஆறு வருடம் ஏறினாள். நான் மேல்படிப்பு முடித்து, பயிற்சிக் கல்லூரிக்குப் போய் வருகிறவரை. மழைக்காலத்தில் சாயங்காலம் சரிவில் இறங்க முடியாமல் உட்கார்ந்து உட்கார்ந்து இறங்குவாள். சேலையின் பின்பக்கமெல்லாம் மண்ணாக இருக்கும். நான் லோரியிலிருந்து இறங்கும்போது தூரத்தில் அவள் இறங்குவது தெரிந்தால் வேறு பக்கம் திரும்பிக்கொள்வேன். இந்த முறை வெட்கப்பட்டது அவளுக்காக அல்ல.

எண்பதுகளின் நடுவில் எனக்கு டீச்சர் வேலை கிடைத்தது. ரிங்லெட் டவுனில் ஒரு வாடகை வீடு எடுத்து அம்மாவையும் தங்கச்சியையும் கூட்டி வந்தேன். அதற்குள் அம்மாவின் முட்டி மடங்குவதையே விட்டுவிட்டது. மலைக்குக் கீழே இருக்கிற தாப்பா ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனேன். டாக்டர் ஒரு மலாய்ப் பெண், சின்ன வயது. எக்ஸ்ரே படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். அவருக்குக் கோபமே வந்துவிட்டது. கடகடவென்று மலாயில் என்னைப் பார்த்துக் கேட்டார். பழைய அறிக்கையில் மலை ஏறக்கூடாது என்று தெளிவாக எழுதியிருக்கிறது, அதற்குப் பிறகும் இத்தனை வருடம் இவர் ஏன் ஏறினார், தடுக்க யாரும் இல்லையா, இப்படியா ஒரு மனுஷி தன் காலைத் தானே கெடுத்துக்கொள்வாள் என்று.

தமிழில் சொல்ல வேண்டும், பிறகு பதிலை மலாயில் சொல்ல வேண்டும். மறுபடியும் அதே வேலை. நான் வாயைத் திறப்பதற்குள் அம்மா டாக்டரைப் பார்த்து மலாயில் பதில் சொன்னாள். சந்தை மலாய்தான், ஆனால் தடுமாறவில்லை. "மக படிச்சுக்கிட்டிருந்தா, டாக்டர். அவ மேல தப்பு இல்ல. நானாத்தான் ஏறினேன்."

டாக்டர் பேசியது அவ்வளவும் அவளுக்குப் புரிந்திருக்கிறது. நான் விழுங்கப் பார்த்த கேள்வியும் சேர்த்து.

திரும்பும்போது பஸ்ஸில் ஜன்னலோரம் அவள், பக்கத்தில் நான். மலைப்பாதை தொடங்குகிறவரை எதிர் சீட்டின் கம்பியையே பார்த்துக்கொண்டு வந்தேன். பிறகு கேட்டுவிட்டேன்.

"அன்னிக்கி... அந்த ஆபீசர் வந்தாரே. நான் சொன்னது ஒனக்குப் புரிஞ்சுச்சாம்மா?"

"எதுடி?"

"ரேடியோ."

அவள் வெளியே பார்த்துக்கொண்டிருந்தாள். "அப்பா வாங்குனதுன்னு சொன்ன. புரிஞ்சுச்சு."

"ஏம்மா அப்பவே சொல்லல? நீயே அவருகிட்டச் சொல்லியிருக்கலாம்ல?"

நீட்டி வைத்திருந்த காலை இரண்டு கையாலும் தூக்கி ஓரமாக நகர்த்திக்கொண்டாள்.

"அதுக்கு முன்னாடி ஒன்னப் பாத்து அந்த ஆபீசர் புள்ள சொல்லுச்சே, கெட்டிக்காரப் பொண்ணு, டீச்சரா ஆயிருவன்னு. நீ எங்கிட்டச் சொல்லல. ஆனா அதுவும் புரிஞ்சுச்சு" என்றாள்.

கடிதத்தைப் பற்றிச் சொல்லிவிட வேண்டும் என்று தொண்டை வரை வந்தது. அடியில் ஒரு வரி இருந்தது அம்மா, நான் உனக்குப் படித்துக் காட்டாமல் விட்டேன், போய்ச் சொல்லியிருந்தால் கார்டு திரும்பக் கிடைத்திருக்கும். எழுதியிருந்ததை அவளால் படித்திருக்க முடியாது. அது ஒன்றாவது அவளுக்குத் தெரியாமல் இருக்கட்டும் என்று இருந்தது, தெரிந்துவிடட்டும் என்றும் இருந்தது. கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. வாயைப் பொத்திக்கொண்டு குனிந்தேன்.

வளைவில் எனக்குத் தலை சுற்றுகிறது என்று அம்மா நினைத்துவிட்டாள். பையைத் துழாவி உப்பில் உலர்த்திய ஒரு புளிப்பு அசாம் பழத்தை எடுத்து, காகிதத்தைப் பிரித்து என் உள்ளங்கையில் வைத்தாள். கட்டைவிரலில் கொழுந்துக் கறை இன்னும் போகாமல் இருந்தது.

"வாயில அடக்கிக்க. கண்ண மூடிக்கிட்டு என் தோள்ல சாஞ்சுக்க, ரிங்லெட் வந்ததும் எழுப்புறேன்" என்றாள்.

சாய்ந்துகொண்டேன். சொல்லவில்லை.